வேப்பேரியில் அச்சான பரிசுக் கட்டுரை

சென்னை வேப்பேரியில் இருந்த எஸ்.பி.சி.கே. அச்சகத்தில் 1898 ஆம் ஆண்டு ஓர் ஆங்கில நூல் அச்சாகி வெளிவந்தது. ‘யூத மதமும் இஸ்லாமும்’ என்பது அதன் பெயரின் பொருள். அந்நூலின் மறுபதிப்பு ஒன்று நூலகத்தில் என் கைக்கு எட்டியது. வேதியியல் படிப்பவனுக்கு இதில் என்ன வேலை என்று நண்பர்கள் கேட்கக்கூடும். முகப்பில் ‘பரிசுக் கட்டுரை’ என்று கண்டிருந்ததுதான் என்னை நிறுத்தி வைத்தது. ஒரு மாணவன் போட்டிக்கு எழுதிய கட்டுரையை அறுபத்தைந்து ஆண்டுகளுக்குப் பின் வேறொரு கண்டத்தில் மொழிபெயர்த்து அச்சிடுவானேன்?

அந்த மாணவர் ஆபிரகாம் கைகர். 1810 இல் ஜெர்மனியின் ஃபிராங்பர்ட் நகரில், மரபு வழுவாத யூதக் குடும்பத்தில் பிறந்தவர். எபிரேய வேதத்தையும் தால்மூத் எனும் யூத சமய நூல் தொகுதியையும் இளமையிலேயே கற்றார். ஹைடல்பர்க்கில் சிறிது காலம் பயின்றபின் பான் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து, ஃபிரைடாக் என்னும் பேராசிரியரிடம் அரபு கற்றார். ஃபிரைடாக் ஒரு பரிசுப் போட்டியை அறிவித்தார். திருக்குர்ஆனில் காணும் செய்திகளில் யூத மூலங்களோடு தொடர்புடையவை எவை என்பதே வினா. கைகர் இலத்தீனில் விடை எழுதி 1832 இல் பரிசு பெற்றார். அப்போது அவருக்கு வயது இருபத்திரண்டு. மறு ஆண்டு அதையே ஜெர்மன் மொழியில், தம் சொந்தச் செலவில் அச்சிட்டார்.

கட்டுரையின் முறைதான் என்னை மிகவும் கவர்ந்தது. இரண்டு நூல்களில் ஒரே செய்தி இருக்கிறது என்று காட்டினால் போதாது. அது யூதர்களிடமிருந்தே வந்திருக்க வேண்டும், கிறித்தவர் வழியாகவோ பழைய அரபு வழக்கிலிருந்தோ வந்திருக்க முடியாது என்றும் காட்ட வேண்டும் என்கிறார் கைகர். உப்புப் பகுப்பாய்வில் முதற் சோதனையோடு நின்றுவிட்டால் மதிப்பெண் கிடைக்காது அல்லவா? உறுதிச் சோதனையும் வேண்டும். அவ்வுறுதிச் சோதனைக்குச் சொற்களை எடுத்துக்கொண்டார். தௌராத், ஜஹன்னம், சப்த், மலகூத் முதலிய பதினான்கு சொற்களை ஆராய்ந்தார். ஜஹன்னம் என்ற சொல் எருசலேமை அடுத்த ஹின்னோம் பள்ளத்தாக்கின் எபிரேயப் பெயரிலிருந்து வந்தது. ‘ஊத்’ என முடியும் சொற்கள் அரபு இலக்கணத்துக்கு இயல்பானவை அல்ல. பிற்கால எபிரேயத்தின் அடையாளம் அவற்றில் இருக்கிறது என்றார்.

இன்னொரு சான்று. ஓர் உயிரைக் கொன்றவன் மாந்தர் அனைவரையும் கொன்றவன் போலாவான் என்ற கருத்து, குர்ஆனின் ஐந்தாம் அத்தியாயத்தில் ஆதமின் மக்கள் இருவர் கதையை அடுத்து வருகிறது. ஏன் அவ்விடத்தில் வருகிறது? யூதர்களின் மிஷ்னா என்னும் சட்ட நூலிலும் காயீன் தன் தம்பியைக் கொன்ற கதையோடுதான் இக்கருத்து இணைந்திருக்கிறது என்று கைகர் எடுத்துக் காட்டினார். இது இஸ்ரவேல் மக்களுக்கு விதிக்கப்பட்டது என்று குர்ஆனே கூறுவதும் குறிப்பிடத்தக்கது.

ஒன்றை இங்கே சொல்லியாக வேண்டும். குர்ஆன் இறைவனின் வாக்கு என்று நம்பும் இஸ்லாமிய நண்பர்களுக்குக் கைகர் ஆண்ட ‘எடுத்துக்கொண்டார்’ என்ற சொல் உறுத்தும். முன்னைய வேதங்களையும் இதையும் அருளியவன் ஒருவனே என்பது அவர்கள் விடை. ஆய்வாளர்களும் பின்னர் அவருடைய முடிவுகள் சிலவற்றைத் திருத்தினர். 1938 இல் பரோடாவில் வெளியான ஆர்தர் ஜெஃப்ரியின் நூல் குர்ஆனின் அயற்சொற்கள் பலவற்றுக்குச் சிரியாக், எத்தியோப்பிய மொழிகளின் வழியையும் காட்டுகிறது. ஆயினும், நபிகளை வஞ்சகர் என்று ஐரோப்பியர் பலர் எழுதிவந்த காலத்தில், அவர் உள்ளம் நேர்மையானது என்று எழுத ஓர் இளைஞருக்குத் துணிவு இருந்தது.

இக்கட்டுரையைக் கொண்டே 1834 இல் மார்பூர்க் பல்கலைக்கழகம் அவருக்கு டாக்டர் பட்டம் அளித்தது. இனிப் பேராசிரியர் பதவிதானே? எங்கள் வீட்டில் பட்டம் என்றால் வேலை என்றே பொருள்; கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான் என்பதால் அப்படித்தான் நானும் எண்ணியிருந்தேன். கைகருக்கு அந்தக் கதவு திறக்கவில்லை. பிரஷ்ய அரசு 1822 இலேயே யூதர்களைப் பல்கலைக்கழக ஆசிரியப் பணியிலிருந்து விலக்கிவிட்டது. ஞானஸ்நானம் பெற்றால் கதவு திறக்கும். எடுவார்ட் கான்ஸ் என்ற சட்ட அறிஞர் 1825 இல் அவ்வாறு செய்து பெர்லினில் பேராசிரியரானார். கைகர் செய்யவில்லை. வீஸ்பாடனில் ரபியாக, அதாவது யூத மதகுருவாக, அமர்ந்தார்.

பிறகு பிரெஸ்லாவ் நகரம். இன்று அது போலந்தில் இருக்கிறது. சமயச் சீர்திருத்தம் பேசியதால் அங்கு பழைமைவாதிகளோடு பல ஆண்டுகள் பூசல், அக்கதை நீளம். பகலில் சபைப் பணி, எஞ்சிய நேரத்தில் ஆராய்ச்சி என்று வாழ்ந்தவர், 1857 இல் விவிலியத்தின் மூல பாடத்தையும் பழைய மொழிபெயர்ப்புகளையும் ஒப்பிட்டுப் பெருநூல் ஒன்றை வெளியிட்டார். யூத இறையியலுக்குப் பல்கலைக்கழகத்தில் ஒரு துறை வேண்டும் என்று 1830களிலிருந்தே எழுதி வந்தவர் அவர். ஒரு செல்வரின் அறக்கொடையால் 1854 இல் யூத இறையியல் கல்லூரி அவர் வாழ்ந்த பிரெஸ்லாவிலேயே எழுந்தது. தலைமைப் பதவி அவருக்குக் கிடைக்கவில்லை; சக்கரியாஸ் ஃபிராங்கெலுக்குப் போயிற்று. அந்தக் கட்டடத்தைக் கடந்து கைகர் எத்தனை நாள் நடந்திருப்பாரோ!

வேப்பேரிக்கு வருவோம். டில்லியில் இஸ்லாமியரிடையே சமயப் பணி செய்த லெஃப்ராய் என்ற பாதிரியார், தமக்குப் பயன்படும் என்று கேட்டதால், எஃப். எம். யங் என்னும் பெண்மணி பெங்களூரிலிருந்து இந்நூலை மொழிபெயர்த்தார். கிறித்தவராக மறுத்துப் பதவியை இழந்தவரின் நூல், கிறித்தவத்தைப் பரப்பக் கருவியாயிற்று. கைகர் இருந்திருந்தால் சிரித்திருப்பாரா, சினந்திருப்பாரா என்று என்னால் தீர்மானிக்க முடியவில்லை.

1872 இல் பெர்லினில் யூத ஆய்வுக்கான உயர்கல்லூரி தொடங்கியபோதுதான் கைகர் கல்லூரி ஆசிரியரானார். அப்போது அவருக்கு வயது அறுபத்திரண்டு. இரண்டே ஆண்டுகள் கற்பித்தார். 1874 அக்டோபரில் மறைந்தார். அவர் வேண்டிய யூத இறையியல் துறை, ஜெர்மனியின் அரசுப் பல்கலைக்கழகம் ஒன்றில், போட்ஸ்டாமில், 2013 இல் திறக்கப்பட்டது.