உதிரப்பட்டி



போரில் ஒரு வீரன் மாண்டால், அவனைப் புகழ்வதற்குப் பலர் இருப்பர். அவன் வீட்டு அடுப்பு மறுநாள் எரியுமா என்று கேட்பவர் சிலரே. படைவீரருக்கும் அவர்தம் குடும்பத்தாருக்கும் இன்று அரசு ஓய்வூதியம் அளிக்கின்றது. இவ்வழக்கம் முழுவதும் மேனாட்டாரிடமிருந்து வந்தது என்று எண்ணுவோர் உண்டு. அக்கருத்து பொருந்தாது என்பதற்குத் தருமபுரி வட்டாரத்துக் கற்களே சான்றாக நிற்கின்றன.

பண்டைக் காலத்தில் தகடூர் எனப் பெயர் பெற்றிருந்த இந்நிலப்பகுதி, மலையும் காடும் மேய்ச்சல் நிலமும் மிகுந்தது. இங்குக் கால்நடையே பெருஞ்செல்வம். ஆகவே, ஆநிரையைக் கவர்தலும் அதனை மீட்டலும் போர்களுக்குக் காரணமாயின. மீட்கச் சென்று உயிர் நீத்தவனுக்கு நட்ட கல்லே நடுகல். கையில் வில்லும் வாளும் ஏந்திய வீரனது உருவத்தை அதில் செதுக்கினர். இன்ன மன்னனது இத்தனையாவது ஆட்சியாண்டில், இன்னவன் தொறு மீட்டுப் பட்டான் என்று எழுதியும் வைத்தனர். தொறு என்பது கால்நடைக் கூட்டம். பட்டான் என்றால் இறந்தான் என்பது பொருள். அண்டையிலுள்ள செங்கம் பகுதியில் பல்லவர் காலத்து வட்டெழுத்துக் கற்கள் பல கிடைத்தன. தமிழ்நாடு அரசு தொல்பொருள் ஆய்வுத் துறை அவற்றைத் தொகுத்து, 1972-இல் நூலாக வெளியிட்டது.

இக்கற்களுள் சில, வீரனது மரணத்தோடு செய்தியை முடித்துவிடவில்லை. அவன் குடும்பத்தாருக்கு நிலம் விடப்பட்டதையும் அவை கூறுகின்றன. அந்நிலத்துக்கு உதிரப்பட்டி, நெய்த்தோர்பட்டி என்னும் பெயர்கள் வழங்கின. உதிரமும் நெய்த்தோரும் குருதியைக் குறிக்கும் சொற்கள். கன்னட நாட்டிலும் இதே வழக்கம் இருந்தது. குருதியை உணர்த்தும் ‘நெத்தரு’ என்ற சொல்லாலேயே அக்கொடையை அவர்கள் அழைத்தனர். சிந்திய குருதிக்கு ஈடு செய்ய இயலாது என்பதை நம் முன்னோர் அறிவர். எனினும், அக்குருதியால் காக்கப்பட்டவர்கள் இறந்தவனின் குடும்பத்துக்குக் கடன்பட்டவர்கள் என்பதை அவர்கள் மறக்கவில்லை.

பணமாகக் கொடாமல் நிலமாகக் கொடுத்தது ஏன் என்று நீங்கள் வினவலாம். நாணயப் புழக்கம் குறைந்த காலத்தில் நிலமே நிலைத்த வருவாய். கருவூலம் வறண்டாலும் வயல் விளையும். இது நம் நாட்டுக்கு மட்டும் உரிய சிந்தனையன்று. அமெரிக்கர் விடுதலைப் போர் நடத்தியபோது அவர்களது காங்கிரசிடம் போதிய பணம் இல்லை. எனவே 1776-இல், போர் முடியும்வரை பணியாற்றும் சாதாரண வீரனுக்கு 100 ஏக்கர் நிலம் தருவதாக அது உறுதி கூறியது. அதே ஆண்டில், உறுப்பிழந்து உழைக்க இயலாதவர்க்குப் பாதி ஊதியம் அளிக்கவும் சட்டம் செய்தது.

ஆனால், உடல் ஊனமுறாது திரும்பிய எளிய வீரர்கள் நெடுங்காலம் காத்திருந்தனர். 1818-ஆம் ஆண்டுச் சட்டம் வறியவர்க்கு மட்டுமே உதவி அளித்தது. 1820 முதல், தம் உடைமைகளைப் பட்டியலிட்டு வறுமையை மெய்ப்பிக்க வேண்டியதாயிற்று. நாட்டை விடுவித்த முதியவர், தம்மிடம் பசு எத்தனை, பாத்திரம் எத்தனை என்று நீதிமன்றத்தில் கணக்குச் சொல்ல நேர்ந்தது! 1832-இல்தான் வறுமையைப் பாராது, பணிக்காலத்தையே அளவாகக் கொண்ட சட்டம் வந்தது. 1836-இல் கைம்பெண்களுக்கு வழி பிறந்தது. அப்போரில் ஈடுபட்டவரின் மனைவியருள் இறுதியாக ஓய்வூதியம் பெற்றவர் 1906-இல் மறைந்தார். போர் முடிந்ததோ 1783-இல்! ஒரு போரின் கடன் எத்தனை தலைமுறை நீள்கிறது, பாருங்கள்.

மற்றோர் இடரும் அவர்களுக்கு இருந்தது. 1800-இல் வாஷிங்டனில் போர்த்துறை அலுவலகம் தீப்பற்றி, ஏடுகள் எரிந்து போயின. ஆதலால் பின்னாளில் விண்ணப்பித்தவர்கள், உடன் போரிட்டோரின் சாட்சியத்தையும், குடும்ப விவிலியத்தில் குறித்திருந்த திருமண நாளையும் சான்றாகக் கொண்டுவர நேர்ந்தது. நம் நடுகல்லோ அனைவரும் காண, வெட்டவெளியில் நின்ற ஆவணம். இறந்தவன் யார், எதற்காக இறந்தான் என்பதை ஊரறியச் சொல்லியது. கொடை பொறித்த கல்லாயின், அவன் குடும்பத்துக்கு உரியது எது என்பதையும் சொல்லியது. அதனை நெருப்பு தின்னாது, கறையான் அரிக்காது.

இவற்றிலிருந்து ஓர் உண்மை புலப்படும். ஓய்வூதியம் என்பது இரக்கப்பட்டு இடும் பிச்சையன்று; அது செலுத்த வேண்டிய கடன். 1982 டிசம்பர் 17-ஆம் நாள், நகாரா வழக்கில் நம் உச்ச நீதிமன்றம் இதனையே வலியுறுத்தியது. ஓய்வூதியம் அரசின் விருப்பத்தைப் பொறுத்த கொடையன்று, பெறுவோரின் உரிமை என்று அது தீர்ப்பளித்தது. இன்று போரில் வீழ்ந்த வீரரின் மனைவிக்கு, அவர் இறுதியாகப் பெற்ற ஊதியத்தின் அளவுக்குக் குடும்ப ஓய்வூதியம் கிடைக்கின்றது. அதனைப் பெற வழிகாட்டுவதற்கு மாவட்டந்தோறும் முன்னாள் படைவீரர் நல அலுவலகம் இருக்கின்றது. உங்கள் தெருவில் எழுத்தறியாத வீரத்தாய் ஒருவர் இருப்பின், அவருக்காக ஒரு விண்ணப்பம் எழுதித் தருவதும் நாட்டுத் தொண்டே.

தருமபுரி வட்டாரத்தில் மக்கள் நடுகற்களை வேடியப்பன் என்று வழிபடுகின்றனர். வழிபாட்டில் உள்ளவை பிழைத்துள்ளன. மற்றவை வரப்பிலும் புதரிலும் சாய்ந்து கிடக்கின்றன. சில, துணி துவைக்கும் கல்லாகவும் மாறிவிடுகின்றன. ஒவ்வொரு கல்லும் ஒரு குடும்பத்தின் பத்திரம். எழுத்துள்ள கல்லைக் கண்டால், சுண்ணாம்போ எண்ணெயோ பூசாதீர்கள்; பெயர்த்தெடுக்கவும் வேண்டா. இருக்கும் இடத்தைக் குறித்துத் தருமபுரி அகழ்வைப்பகத்தார்க்குத் தெரிவியுங்கள். பட்டவனின் பெயரை மறவாதிருக்கத்தான் ஊரார் அக்கல்லை நட்டனர்.