திரையில் முதல் முகங்கள்: ஹேசல் ஸ்காட்

1950 ஜூலை 3. அமெரிக்காவின் டூமான்ட் தொலைக்காட்சி 'தி ஹேசல் ஸ்காட் ஷோ'வைத் தன் நிலையங்கள் வழியே பல ஊர்களுக்கும் ஒளிபரப்பத் தொடங்கியது. வாரம் மூன்று நாள், பதினைந்து நிமிடம். பியானோ முன் அமர்ந்து ஒரு பெண் வாசிப்பார், பாடுவார், அவ்வளவுதான். அந்தப் பெண் கறுப்பினத்தவர். வேலைக்காரி வேடம் கட்டாமல், தன் பெயரிலேயே, தன் கலையை மட்டும் நம்பி அவர் வீட்டுக் கூடங்களுக்குள் நுழைந்தது அன்றைக்குச் சாதாரண விஷயம் இல்லை.

டிரினிடாட்டில் 1920இல் பிறந்தவர். நான்கு வயதில் நியூயார்க் வந்தார். எட்டு வயதில் ஜூலியார்ட் இசைப் பள்ளியில் இசையமைப்பாளர் ராக்மனினோவின் படைப்பை வாசித்துக் காட்டினார். பிஞ்சுக் கை எட்டாத இடங்களில் சுரங்களைத் தானே மாற்றிக்கொண்டார். பள்ளியில் சேர வயது போதாது என்றாலும், பேராசிரியர் ஒருவர் தனியாகக் கற்றுத்தர முன்வந்தார். பிறகு 'கஃபே சொசைட்டி'. கறுப்பரும் வெள்ளையரும் சேர்ந்து உட்கார்ந்து இசை கேட்ட நியூயார்க் விடுதி அது. பாக், லிஸ்ட் ஆகிய மேற்கத்திய செவ்வியல் மேதைகளின் இசையை அங்கே ஜாஸ் தாளத்தில் பறக்கவிட்டார்.

நிறம் பார்த்து ரசிகர்களைப் பிரித்து உட்காரவைக்கும் அரங்கில் வாசிக்க மாட்டேன் என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கிவிடுவார். 1943இல் 'தி ஹீட்ஸ் ஆன்' படப்பிடிப்பு. போருக்குப் போகும் வீரர்களைக் கறுப்பினப் பெண்கள் வழியனுப்பும் காட்சிக்கு, அந்தப் பெண்களுக்கு அழுக்கான ஏப்ரன்களைக் கட்டிவிட்டார்கள். ஹேசலின் உடையில் குறையேதும் இல்லை. பின்னால் ஆடும் பெண்களுக்காகத்தான் ஹேசல் சண்டை பிடித்தார். மூன்று நாள் வேலைநிறுத்தம். ஏப்ரன்கள் போயின. கொலம்பியா ஸ்டூடியோவின் ஹாரி கோன் அதை மன்னிக்கவில்லை. 1945க்குள் ஹேசலின் ஹாலிவுட் கதவு சாத்தப்பட்டது.

தொலைக்காட்சியிலும் அதே கதிதான். கம்யூனிஸ்ட் அனுதாபிகள் என்று 151 பேரைப் பட்டியலிட்ட 'ரெட் சேனல்ஸ்' 1950 ஜூனில் வெளிவந்தது. அதில் ஹேசல் பெயரும் இருந்தது. யாரும் சம்மன் அனுப்பவில்லை. தானாகவே கேட்டு, செப்டம்பர் 22 அன்று நாடாளுமன்ற விசாரணைக் குழு முன்னால் போய் நின்றார். தான் கம்யூனிஸ்ட் இல்லை என்றார். இப்படிப் பெயர் போட்டுக் கலைஞர்களின் பிழைப்பைக் கெடுப்பதைக் கண்டித்தார். ஒரே வாரத்தில், செப்டம்பர் 29 அன்று, நிகழ்ச்சி நின்றது. கலைஞர் ஒருவரின் வாயை அடைக்க விளம்பரதாரரின் பயம் ஒன்றே போதுமாக இருந்த காலம். இதைத் தொலைக்காட்சி வரலாற்றின் அவமானம் என்றே சொல்வேன்.

பிறகு பல ஆண்டுகள் பாரிஸில் வாழ்ந்தார். 1967இல் நாடு திரும்பி, 1981இல் மறைந்தார்.

டூமான்ட் 1956இல் மூடப்பட்டது. அதன் பெரும்பாலான பதிவுகள் அழிந்துபோயின. ஹேசலின் நிகழ்ச்சியில் ஒரு பகுதிகூட இன்று கிடைக்கவில்லை. ஆனால் 'தி ஹீட்ஸ் ஆன்' படம் இருக்கிறது. அதில் கறுப்பு பியானோ ஒன்று, வெள்ளை பியானோ ஒன்று; நடுவில் உட்கார்ந்து கைக்கு ஒன்றாக இரண்டையும் சேர்த்து வாசிக்கிறார். அந்தக் காட்சி இணையத்தில் இருக்கிறது, அவசியம் பாருங்கள்.