தெற்கு சூடான்: பிரித்தது மதமா, அநீதியா?

உலகின் மிக இளைய நாடு எது என்று நம் பிள்ளைகளிடம் கேட்டால், பொது அறிவுப் புத்தகம் படித்த பிள்ளை உடனே 'தெற்கு சூடான்' என்று சொல்லிவிடும். அந்த நாடு எப்படிப் பிறந்தது என்று கேட்டால், பெரியவர்களான நம்மிடமிருந்தே இரண்டு விதமான பதில்கள் வரும். "முஸ்லிம் நாட்டைத் துண்டாட மேற்கத்திய நாடுகள் செய்த சதி" என்பது ஒன்று. "முஸ்லிம்களோடு மற்றவர்கள் சேர்ந்து வாழ முடியாது என்பதற்கு இதுவே ஆதாரம்" என்று பிறர் சொல்வது மற்றொன்று. வரலாற்றைப் புரட்டிப் பார்த்தால் இரண்டுமே முழு உண்மையல்ல என்பது விளங்கும்.

அடிமை வணிகமும் ஆங்கிலேயர் போட்ட வேலியும்

எகிப்தை ஆண்ட முஹம்மது அலி பாஷாவின் படைகள் 1820-21ல் சூடானுக்குள் புகுந்தன. அதன் பின் கார்ட்டூம் நகரைத் தளமாகக் கொண்ட வணிகர்கள் தந்தத்துக்காகவும் அடிமைகளுக்காகவும் நைல் நதி வழியே தெற்கே சென்றார்கள். அவர்களில் ஐரோப்பியரும் இருந்தார்கள், அரபு பேசும் முஸ்லிம்களும் இருந்தார்கள். வடக்கிலிருந்து வருபவன் பிடித்துச் செல்லவே வருகிறான் என்ற அச்சம் தென்பகுதி மக்களின் நினைவில் ஆழப் பதிந்தது. இதை மறைத்துவிட்டு நாம் வரலாறு பேசுவது நேர்மையாகாது.

1899 முதல் பிரிட்டனும் எகிப்தும் கூட்டாக சூடானை ஆள்வதாகப் பெயர். உண்மையில் அதிகாரம் பிரிட்டனின் கையில் இருந்தது. 1922ல் அவர்கள் கொண்டுவந்த சட்டப்படி தென்பகுதி 'மூடப்பட்ட மாவட்டங்கள்' ஆனது. அனுமதிச் சீட்டு இல்லாமல் வடபகுதியினர் அங்கே போக முடியாது. 1930ல் இதுவே வெளிப்படையான கொள்கையானது. முஸ்லிம் வணிகர்கள் வெளியேற்றப்பட்டார்கள். அரபு மொழியும் அரபு உடையும் பெயர்களும் ஒதுக்கப்பட்டன. கல்வி கிறிஸ்தவ மிஷனரிகளின் கையில் விடப்பட்டது. வடக்கே பள்ளிக்கூடங்களும் ரயில் பாதைகளும் பெரும் பருத்தித் திட்டமும் வளர்ந்தபோது, தெற்கு அப்படியே கிடந்தது.

இப்படி இரண்டு தலைமுறைகள் ஒருவரையொருவர் அறியாமல் பிரித்து வைத்துவிட்டு, 1947ல் நடந்த ஜூபா மாநாட்டுக்குப் பின் 'இனி ஒரே நாடு' என்று முடிவு செய்தார்கள். அந்த வகையில் அந்நியரின் சூழ்ச்சி பொய்யல்ல. ஆனால் கதை அத்தோடு முடியவில்லை.

விடுதலைக்கு முன்பே வெடித்த கலகம்

ஆங்கிலேயர் காலி செய்த ஏறத்தாழ 800 அரசுப் பதவிகளில் தென்பகுதியினருக்குக் கிடைத்தவை விரல் விட்டு எண்ணும் அளவே. நாடு விடுதலை பெறுவதற்கு நான்கு மாதங்களுக்கு முன், 1955 ஆகஸ்டில், டோரிட் நகரில் தென்பகுதிப் படைவீரர்கள் கலகம் செய்தார்கள். முதல் உள்நாட்டுப் போரின் தொடக்கம் அது.

1956 ஜனவரி 1ல் சூடான் சுதந்திரம் அடைந்தது. தெற்குக்குக் கூட்டாட்சி பற்றிப் பரிசீலிப்பதாகச் சொன்ன வாக்குறுதி காப்பாற்றப்படவில்லை. 1958ல் ஆட்சியைப் பிடித்த ராணுவத் தளபதி அப்பூத், அரபு மொழியையும் இஸ்லாத்தையும் ஆணை போட்டுப் பரப்ப நினைத்தார். 1960ல் தென்பகுதியின் வார விடுமுறை ஞாயிற்றுக்கிழமையிலிருந்து வெள்ளிக்கிழமைக்கு மாற்றப்பட்டது. பள்ளி மாணவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஜும்ஆ நாளின் கண்ணியத்தை உள்ளத்தில் விதைக்க வேண்டியவர்கள், அதை வெறுப்புக்குரிய அரசாணையாக்கிவிட்டார்கள்.

1972ல் அடிஸ் அபாபாவில் ஒப்பந்தம் ஏற்பட்டு, தெற்குக்குத் தன்னாட்சி கிடைத்தது. பதினொரு ஆண்டுகள் அமைதி நிலவியது. கொடுத்த உரிமையை மதித்தால் இரு தரப்பாரும் சேர்ந்து வாழ முடியும் என்பதற்கு அந்த ஆண்டுகளே சாட்சி.

எண்ணெயும் ஷரீஆவின் பெயரும்

அமைதியைக் கெடுத்தது எது? 1970களின் இறுதியில் தென்பகுதியின் பெண்டியூ வட்டாரத்தில் பெட்ரோலிய எண்ணெய் கண்டுபிடிக்கப்பட்டது. அந்த வயல்களை வடக்கின் எல்லைக்குள் சேர்க்கும் முயற்சி நடந்தது. ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட அதே அதிபர் நுமைரி, 1983 ஜூனில் தென்பகுதியின் தன்னாட்சியைக் கலைத்து அதை மூன்றாகப் பிரித்தார். செப்டம்பரில் ஷரீஆ சட்டங்களை அறிவித்தார்.

இங்கே ஒரு தேதியைக் கவனிக்க வேண்டும். போர் நகரில் தென்பகுதிப் படைவீரர்களின் கலகம் வெடித்தது 1983 மே மாதத்தில். ஷரீஆ அறிவிப்பு வந்தது நான்கு மாதங்கள் கழித்து. ஆக, இரண்டாவது போரைத் தொடங்கி வைத்தது ஷரீஆ அல்ல. ஒப்பந்த மீறலும் எண்ணெய் ஆசையுமே காரணம். ஆனால் ஆட்டம் கண்ட நாற்காலியைக் காப்பாற்றிக்கொள்ள ஓர் ஆட்சியாளர் மார்க்கத்தின் பெயரைக் கையில் எடுத்ததும், அந்த நெருப்பு மதப் போராக எரிந்தது. அன்று அந்தச் சட்டங்களை எதிர்த்துச் சிறை சென்றவர்களில், மஹ்தியின் கொள்ளுப் பேரனும் முன்னாள் பிரதமருமான சாதிக் அல்மஹ்தியும் ஒருவர். கிளர்ச்சிப் படையின் தலைவர் ஜான் கராங் கேட்டதும் தனிநாடல்ல, அனைவருக்கும் சம உரிமையுள்ள புதிய சூடான். அவருடைய படையின் தளபதிகளில் நூபா மலைப்பகுதியைச் சேர்ந்த யூசுஃப் குவா மக்கி என்ற முஸ்லிமும் இருந்தார்.

1989ல் ஆட்சியைப் பிடித்த உமர் அல்பஷீர் காலத்தில் இந்தப் போருக்கு ஜிஹாத் என்று பெயர் சூட்டப்பட்டது. மொத்தம் 22 ஆண்டுகள். போராலும் பஞ்சத்தாலும் நோயாலும் இறந்தவர்கள் சுமார் 20 லட்சம் என்று மதிப்பிடப்படுகிறது. 2005 ஜனவரி 9ல் கென்யாவில் அமைதி ஒப்பந்தம் கையெழுத்தானது. ஆறே மாதங்களில் கராங் ஹெலிகாப்டர் விபத்தில் இறந்தார். 2011 ஜனவரியில் நடந்த பொதுவாக்கெடுப்பில் 98 சதவீதத்துக்கும் அதிகமானோர் பிரிவினைக்கு வாக்களித்தார்கள். ஜூலை 9ல் தெற்கு சூடான் பிறந்தது.

பிரிந்த பின் நடந்தது என்ன?

மதம்தான் காரணம் என்றால், பிரிந்த பிறகு இரு நாடுகளிலும் அமைதி வந்திருக்க வேண்டும். நடந்தது நேர்மாறானது.

2013 டிசம்பரில் ஜூபாவில் அதிபர் சல்வா கீருக்கும், பதவி நீக்கப்பட்டிருந்த துணை அதிபர் ரியக் மச்சாருக்கும் இடையே மோதல் மூண்டது. இருவருமே கிறிஸ்தவர்கள். ஒருவர் டிங்கா இனம், மற்றவர் நூயர் இனம். இந்தப் போரால் ஐந்தே ஆண்டுகளில் ஏறத்தாழ 4 லட்சம் உயிர்கள் போயின என்று 2018ல் ஓர் ஆய்வு மதிப்பிட்டது. 2017ல் சில பகுதிகளில் பஞ்சம் அறிவிக்கப்பட்டது. 2018ல் ஒப்பந்தம் ஏற்பட்டும், அறிவித்த தேர்தல் பலமுறை தள்ளிப் போனது. 2025 மார்ச்சில் மச்சார் வீட்டுக் காவலில் வைக்கப்பட்டார்.

வடக்கின் நிலை என்ன? 2003 முதல் டார்ஃபூரில் கொன்றவர்களும் கொல்லப்பட்டவர்களும் முஸ்லிம்களே. 2023 ஏப்ரலில் சூடான் ராணுவமும் துணை ராணுவமும் ஒன்றையொன்று தாக்கத் தொடங்கின. அவர்களும் ஒரே கிப்லாவை நோக்கித் தொழுபவர்கள்தான். அந்தப் போரிலிருந்து உயிர் தப்பிய லட்சக்கணக்கானோர் எல்லை தாண்டி அடைக்கலம் தேடியது தெற்கு சூடானில். முன்பு தெற்கிலிருந்து வடக்கே ஓடிப் போனவர்களோடு, வடக்கின் மக்களும் அங்கே வந்து நிற்கிறார்கள்.

நமக்கான படிப்பினை

ஒரு கூட்டத்தின் மீதுள்ள பகை நம்மை நீதி தவறச் செய்துவிடக் கூடாது என்று அல்லாஹ் தஆலா எச்சரிக்கிறான் (5:8). தோழர் ஒருவர் மற்றவரின் தாயைக் குறிப்பிட்டு இழித்துப் பேசியபோது, அவரிடம் இன்னும் அறியாமைக் காலத்தின் குணம் இருப்பதாக நபி (ஸல்) அவர்கள் கண்டித்தார்கள். தென்பகுதி மக்களை 'அடிமை' என்ற சொல்லால் அழைக்கும் வழக்கம் வடக்கில் பலரிடம் இருந்தது. அந்த ஒரு சொல்லே எத்தனையோ உள்ளங்களை மார்க்கத்தை விட்டுத் தூரமாக்கியிருக்கும். மதீனாவில் பல கோத்திரத்தாரோடும் யூதர்களோடும் நபி (ஸல்) அவர்கள் செய்துகொண்ட உடன்படிக்கையில் ஒவ்வொருவருக்கும் உரிமையும் கடமையும் வகுக்கப்பட்டிருந்தன. சூடானை ஆண்டவர்கள் மார்க்கத்தின் பெயரை எடுத்துக்கொண்டார்கள், இந்த முன்மாதிரியை எடுத்துக்கொள்ளவில்லை.

ஆகவே, 'எல்லாம் சதி' என்று மட்டும் நம் பிள்ளைகளுக்குச் சொல்லி முடித்துவிட வேண்டாம். பகைவன் வேலி போட்டான் என்பதையும் சொல்வோம். அந்த வேலியை எடுத்தெறியும் வாய்ப்பு 1956லும் 1972லும் நம்மவர் கைக்கு வந்து, நழுவிப் போனது என்பதையும் சேர்த்தே சொல்வோம்.

சூடானிலும் தெற்கு சூடானிலும் பசியோடும் அச்சத்தோடும் இரவைக் கழிக்கும் மக்கள் அனைவருக்கும் வல்ல அல்லாஹ் அமைதியையும் நீதியான ஆட்சியையும் தந்தருள்வானாக. ஆமீன்.