நேரம் என்றால் குற்றம்

திருப்பதியில் ஒரு ஸ்கேன் சென்டர். உறவினர் ஒருவருக்குத் துணையாகக் காத்திருந்தபோது பக்கத்து நாற்காலிப் பெண் சுவரில் இருந்த தெலுங்குப் பலகையைக் காட்டி, "என்ன எழுதியிருக்குக்கா?" என்றார். படித்துக் காட்டினேன்: "லிங்க நிர்தாரண சட்டரீத்யா நேரம்." டாக்டர் வரும் நேரம் என்று நினைத்துக்கொண்டார். தெலுங்கில் நேரம் என்றால் குற்றம். சொன்னதும் முகம் வெளுத்தது.

திருத்தணிக்காரர். இரண்டு குழந்தைகள். மூன்றாவது தரித்து எட்டு வாரம். ஊரில் தெரியாமலிருக்க, சித்தூரிலுள்ள நாத்தனார் வீட்டுக்கு வந்திருக்கிறார். "கலைச்சா ஜெயில்னு அண்ணி சொன்னாங்க. நெசந்தானா?"

நிஜமல்ல. பலகை தடுப்பது ஆணா பெண்ணா என்று கண்டறிந்து சொல்வதை மட்டுமே. கருக்கலைப்பு 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, நிபந்தனைகளுக்கு உட்பட்டு அனுமதிக்கப்பட்டது.

இந்த வேறுபாடு தற்செயலானதல்ல. எண்பதுகளில் பம்பாயில் 'வரதட்சணைக்கு லட்சம் மிச்சம்' என்ற பாணியில் கிளினிக்குகள் விளம்பரம் செய்துகொண்டிருந்தன. மகளிர் அமைப்புகளும் சில டாக்டர்களும் சேர்ந்து எதிர்ப்பு மன்றம் தொடங்கினார்கள். மகள்களோடு பெற்றோர் ஊர்வலம் போனார்கள். பெண் கரு அழிவதைத் தடுக்க வேண்டும். கருக்கலைப்பு உரிமையும் பறிபோகக் கூடாது. இந்தக் கத்தி முனையில் நடந்தவர்கள் கேட்டது, பரிசோதனைக்குத் தடை. 1988இல் மகாராஷ்டிரம் சட்டம் இயற்றியது, 1994இல் நாடாளுமன்றம். 1996இல் அமலுக்கு வந்தும் காகிதத்திலேயே கிடந்தது. 2001 கணக்கெடுப்பில் ஆறு வயது வரையுள்ள 1,000 ஆண் குழந்தைகளுக்கு 927 பெண் குழந்தைகள்தான். பத்தாண்டுகளுக்கு முன் 945. தொண்டு அமைப்புகள் உச்ச நீதிமன்றம் போன பிறகே அரசுகள் அசைந்தன. 2003 திருத்தம், கட்டாயத்தின்பேரில் பரிசோதனைக்கு வந்த பெண்ணுக்குத் தண்டனை இல்லை என்றது.

இத்தனை கவனமாகப் பிரித்துவைத்ததைப் பலகைகள் மீண்டும் ஒன்றாக்கிவிட்டன. 2021 திருத்தத்துக்குப் பின் 20 வாரம் வரை ஒரு டாக்டரின் கருத்தே போதும். சிலருக்கு 24 வாரம் வரை, இரு டாக்டர்கள். திருமணமாகாத பெண்களுக்கும் அந்த 24 வாரம் உண்டு என்று 2022 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எந்தச் சுவரிலும் இதை நான் பார்த்ததில்லை.

"அவர் கையெழுத்து வேணுமாக்கா?" என்றார் அந்தப் பெண்.

18 வயது நிரம்பிய பெண்ணுக்கு அவர் சம்மதம் மட்டும் போதும். சட்டம் அப்படி, கவுண்டர்களில் இன்னமும் கணவரைத்தான் கேட்கிறார்கள். அரசு மருத்துவமனைக்கு வழி சொன்னேன். தெலுங்கில் எப்படிக் கேட்பது என்பதையும் ஒரு துண்டுச் சீட்டில், தமிழ் எழுத்தில்.