வாயே திறக்காமல் ஜெயித்தவர்!

1938 டிசம்பர் 16. டோக்கியோவில் ஓர் ஆஸ்பத்திரி. பிரசவம் முடிந்து படுத்திருந்த நார்வே நாட்டுப் பெண்மணியிடம் நர்ஸ் மெல்ல வந்து, குழந்தை பெண் என்று வருத்தத்தோடு சொன்னார். "உங்கள் கணவருக்கு இதை நீங்களே தெரிவித்து விடுகிறீர்களா?" என்கிற ரீதியில் கேட்டும் வைத்தாராம்.

அப்படி மன்னிப்புக் கேட்டுக்கொண்டே உலகத்துக்கு அறிமுகப்படுத்தப்பட்ட குழந்தைதான் லிவ் உல்மன். பின்னாளில் இங்மார் பெர்க்மன் படங்களில் உலகத்தையே கட்டிப்போட்ட நடிகை. 'லிவ்' என்றால் நார்வே மொழியில் வாழ்க்கை என்று அர்த்தம். பெயர் வைத்தவர்களுக்குத் தீர்க்கதரிசனம்!

வந்தது யுத்தம்

அப்பா விமான இன்ஜினீயர். வேலைக்காக ஜப்பான் போனவர். இரண்டாம் உலகப் போரில் நார்வேயை ஜெர்மனி பிடித்துக்கொள்ள, குடும்பம் கனடாவின் டொராண்டோ நகருக்குப் போனது. நார்வே விமானப்படை அங்கேதான் பயிற்சி முகாம் நடத்திக்கொண்டிருந்தது. அங்கே விமானத்தின் புரொப்பெல்லர் அடித்துக் காயம்பட்ட அப்பா, 1945ல் இறந்து போனார். லிவ்வுக்கு அப்போது ஆறு வயது. ஊரில் இருந்த தாத்தாவோ, யூதர்கள் தப்பிக்க உதவியதற்காக ஜெர்மனியின் டாஹவ் வதை முகாமுக்கு அனுப்பப்பட்டு அங்கேயே உயிரை விட்டார்.

இரண்டு பெண் குழந்தைகளோடு அம்மா நார்வேக்குத் திரும்பினார். ட்ரோண்ட்ஹைம் நகரத்தில் ஜாகை. புத்தகக் கடை வேலையில் குடும்பம் ஓடியது.

லிவ்வுக்கு நாடகப் பைத்தியம். ஆஸ்லோவில் நாடகப் பள்ளி நுழைவுத் தேர்வுக்குப் போனார். ஃபெயில்! "உனக்கு நடிப்பு வராது" என்று திருப்பி அனுப்பப்பட்டவர்கள் பட்டியல் எந்த நாட்டிலும் நீளம்தான். லண்டனுக்குப் போய்ச் சில மாதம் நடிப்புப் படித்துவிட்டு வந்தார். 1957ல் ஸ்டவாங்கர் நகரத்து நாடகக் கம்பெனியில் ஆன் ஃபிராங்க் வேஷம் கிடைத்தது. நாஜிகளுக்குப் பயந்து ஒளிந்திருந்து டைரி எழுதிய அதே யூதச் சிறுமி. தாத்தாவை நாஜி முகாமில் பறிகொடுத்த பெண்ணுக்கு அந்த வேஷத்துக்கு ஒத்திகை தேவைப்பட்டிருக்குமா என்ன? ஊர் கொண்டாடியது. ஆஸ்லோவின் பெரிய மேடைகள் அழைத்தன.

தெருவில் கிடைத்த சான்ஸ்

ஸ்டாக்ஹோம் வீதியில் தோழி பிபி ஆண்டர்சனோடு லிவ் நடந்து போய்க்கொண்டிருந்தபோது எதிரே வந்தார் பெர்க்மன். ஸ்வீடனின் சினிமாச் சக்கரவர்த்தி. பிபி அவர் படங்களில் நடிப்பவர். இரண்டு பெண்களின் முகத்திலும் இருந்த ஜாடை பெர்க்மன் மனசில் ஒட்டிக்கொண்டது. அதிலிருந்து முளைத்ததுதான் 1966ல் வந்த 'பெர்சோனா'.

மேடையில் நடித்துக்கொண்டிருக்கும்போதே திடீரென்று மௌனமாகி, அதற்கப்புறம் பேசவே மறுத்துவிடும் நடிகை வேஷம் லிவ்வுக்கு. அவரைக் கவனித்துக்கொள்ளும் நர்ஸ் பிபி. பிபி பேசுகிறார், பேசுகிறார், பேசிக்கொண்டே இருக்கிறார். லிவ் கேட்கிறார். படம் முழுக்க அவர் பேசும் வார்த்தைகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். மிச்சமெல்லாம் கண், உதடு, கன்னம். காமிரா ஓர் அடி தூரத்தில் வந்து நின்றாலும் அசராத முகம்!

அந்தப் படத்தில் ஒரு ஷாட். பாதி லிவ் முகம், பாதி பிபி முகம், ஒன்றாக ஒட்டியது. எடிட்டிங் அறையில் அதைப் பார்த்துவிட்டு, "பிபி ஏன் இவ்வளவு கோரமாக இருக்கிறாள்?" என்று லிவ் கேட்க, "லிவ் ஏன் இப்படி இருக்கிறாள்?" என்று பிபி கேட்டார் என்பது பெர்க்மனே சொன்ன சமாசாரம். தன் முகம் யாருக்குத்தான் தெரிகிறது!

கல் சுவருக்குள் ஐந்து வருஷம்

ஷூட்டிங் நடந்த ஃபோரோ தீவிலேயே காதல். அவருக்கு இவரைவிட இருபது வயது அதிகம். இவர் ஒரு மனோதத்துவ டாக்டரை மணந்தவர். அந்த மணவாழ்க்கை முறிந்தது. கல்யாணம் செய்துகொள்ளாமலே சேர்ந்து வாழ்ந்தார்கள். 1966ல் மகள் லின் பிறந்தாள்.

தீவில் வீடு கட்டினார் பெர்க்மன். சுற்றிலும் கல் சுவர். அமைதி வேண்டும் அவருக்கு. லிவ் பக்கத்திலேயே இருக்கவும் வேண்டும். பொறாமை வேறு. வெளியுலகம் எட்டாத தனிமை இளம்பெண்ணை மூச்சுமுட்ட வைத்தது. அந்த வீட்டில் ஒரு கதவில் இரண்டு பேரும் தினசரிக் கணக்கு எழுதினார்கள். சந்தோஷமான நாள் என்றால் ஓர் இதயம். அழுத நாள் என்றால் கண்ணீர்த் துளி. இரண்டுக்கும் அந்தக் கதவில் பஞ்சமில்லை.

சுமார் ஐந்து வருஷத்தில் லிவ் குழந்தையோடு வெளியேறினார். இதற்கு மேல்தான் விசேஷம். நம்மூரானால் இரண்டு குடும்பமும் முகத்தில் முழிக்காது. இங்கே பிரிந்த பிறகுதான் பெர்க்மன் லிவ்வுக்காக மிகப் பெரிய வேஷங்களை எழுதினார்! 1973ல் ஸ்வீடன் டெலிவிஷனில் ஆறு வாரம் வந்த 'ஒரு திருமணத்தின் காட்சிகள்' - ஒரு தம்பதி பேசி, சண்டை போட்டு, பிரிந்து, மறுபடி சந்திக்கிற கதை. பார்த்த வீடுகளிலெல்லாம் மறுநாள் காலை காபியோடு விவாதம். லிவ்வை 'என் ஸ்ட்ராடிவேரியஸ்' என்பார் பெர்க்மன். விலைமதிக்க முடியாத வயலின் அது. பாராட்டுதான். ஆனால் வயலின் தானாக வாசிக்காதே?

ஹாலிவுட் கூத்து

1971ல் யான் ட்ரோல் இயக்கிய 'குடியேறிகள்' படத்தில், பிழைப்புக்காக அமெரிக்கா போகும் ஸ்வீடன் விவசாயியின் மனைவியாக வந்தார் லிவ். ஆஸ்கர் நாமினேஷன் கிடைத்தது. பரிசு 'கேபரே' லைசா மினெல்லிக்கு. 1976ல் 'ஃபேஸ் டு ஃபேஸ்' படத்துக்கு மறுபடி நாமினேஷன். பரிசு 'நெட்வொர்க்' ஃபே டன்னவேக்கு. நடுவில் 'ஒரு திருமணத்தின் காட்சிகள்' முதலில் டி.வி.யில் வந்துவிட்டது என்ற காரணத்தால் போட்டியிலேயே சேர்க்கப்படவில்லை!

1972 கடைசியில் 'டைம்' பத்திரிகை அட்டையில் படம் போட்டது. ஹாலிவுட் சிவப்புக் கம்பளம் விரித்தது. வந்தது 'லாஸ்ட் ஹொரைஸன்' என்ற பாட்டுப் படம். படு தோல்வி. 'லாஸ்ட் இன்வெஸ்ட்மென்ட்' என்று சினிமாக்காரர்களே கேலி செய்தார்கள். அடுத்தடுத்து வந்த அமெரிக்கப் படங்களும் பெயர் சொல்லும்படி இல்லை. மௌனத்தால் ஜெயித்தவரைப் பாட்டுப் படத்தில் நிறுத்தினால் என்ன ஆகும்?

லிவ் மூலையில் உட்காரவில்லை. மேடைக்குப் போனார். 1975ல் நியூயார்க்கில் இப்ஸனின் 'பொம்மை வீடு' நாடகத்தில் நோரா. கணவனையும் குழந்தைகளையும் விட்டு, கதவைச் சாத்திவிட்டு வெளியே போகிறவள். கல் சுவரைத் தாண்டி வந்தவர் அந்தக் கதவைச் சாத்தியபோது சும்மாவா இருந்திருக்கும்! டோனி விருதுக்கு நாமினேஷன். 1977ல் 'அன்னா கிறிஸ்டி' நாடகத்துக்கு இன்னொன்று.

அம்மா எங்கே?

வேலைக்குப் போகும் எந்தத் தாயும் லிவ்வைப் புரிந்துகொள்வார். ஷூட்டிங், நாடகம், விமானம் என்று அலைந்தபோதெல்லாம் மகள் தன்னைத் தேடுவாளே என்ற குற்ற உணர்ச்சி துரத்தியது. 'மாற்றம்' என்ற பொருள்படும் தலைப்பில் அவர் எழுதிய சுயசரிதையில் அந்த உறுத்தலை ஒளிவுமறைவில்லாமல் எழுதினார்.

1978ல் 'ஆட்டம் சொனாட்டா'. பியானோ புகழுக்காகப் பெண்ணைக் கவனிக்காமல் விட்ட அம்மாவாக இங்க்ரிட் பெர்க்மன். வருஷக்கணக்கில் அடக்கிவைத்ததை ஒரே ராத்திரியில் கொட்டும் மகளாக லிவ். "மன்னித்துவிடு" என்று கெஞ்ச வேண்டிய இடத்தில் இங்க்ரிட்டுக்குக் கோபம் வந்துவிட்டது. இந்த மகளை ஓர் அறை விட்டுவிட்டுப் போகத்தான் தோன்றுகிறது என்று டைரக்டரிடம் சண்டை. இங்க்ரிட்டும் வேலைக்காகக் குழந்தைகளைப் பிரிந்திருந்தவர் ஆயிற்றே! கடைசியில் எழுதினபடியேதான் நடித்தார். ஆனால் கெஞ்சுகிற முகத்தில் அந்தக் கோபமும் தெரிந்தது என்று லிவ் சொல்லியிருக்கிறார்.

1980ல் யூனிசெஃப் நல்லெண்ணத் தூதரானார் லிவ். அகதி முகாம்களைத் தேடிப் போனார். 1992ல் 'சோஃபி' படத்தின் மூலம் டைரக்டர். 2000ல் 'ஃபெய்த்லெஸ்' - ஸ்கிரிப்ட் பெர்க்மனுடையது. தன் வாழ்க்கையின் பழைய துரோகம் ஒன்றையே கதையாக்கி, அதை இயக்கும் பொறுப்பை லிவ்விடம் கொடுத்தார் மனிதர். 2009ல் கேட் பிளான்செட்டை வைத்து 'ஸ்ட்ரீட்கார்' நாடகம். வயலின் தானே வாசிக்க ஆரம்பித்து வெகு காலமாகிவிட்டது!

2007 ஜூலை 30ம் தேதி ஃபோரோ தீவில் பெர்க்மன் காலமானார். அதற்குச் சற்று முன் அவரைப் போய்ப் பார்த்து விடைபெற்றவர்களில் லிவ்வும் ஒருவர். நாற்பத்திரண்டு வருஷக் கதையைப் பிறகு படமாக எடுத்தவர் ஓர் இந்தியர் என்பது நமக்கு உபரி சந்தோஷம். தீரஜ் அகோல்கர். 2012ல் வந்த அந்த டாக்குமெண்டரியின் பெயர் 'லிவ் அண்ட் இங்மார்'.

2022 மார்ச்சில், 83 வயதில், லிவ்வுக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். முதல் நாமினேஷன் வந்து 49 வருஷம் ஆகியிருந்தது. வாங்கிக்கொண்டு, நன்றி சொன்னார். இந்தத் தடவை வாய் திறந்து!