தேக்காவில் ஒரு சாப்பாட்டு நடை: தட்டில் தெரியும் லிட்டில் இந்தியா

கிராஞ்சி பந்தயத் திடலில் 2024 அக்டோபர் 5ஆம் தேதி கடைசிக் குதிரைப் பந்தயம் ஓடி முடிந்தது. சிங்கப்பூரில் 180 ஆண்டுகளுக்கும் மேலாக நடந்துவந்த பந்தயம் அத்தோடு நின்றுபோனது. ஏறத்தாழ 124 ஹெக்டர் பரப்புள்ள அந்த நிலம் அரசாங்கத்திடம் திரும்புகிறது.

கிராஞ்சிக்கு 1999ல் இடம் மாறும்வரை பந்தயம் புக்கிட் தீமாவில் நடந்தது. அங்கு அது போனது 1933ல். அதற்கும் முன்னால், 1842ல் அமைக்கப்பட்ட முதல் திடல் இருந்த இடம் ஃபேரர் பார்க். திடலை ஒட்டிச் சென்ற சாலைக்கு ரேஸ் கோர்ஸ் சாலை என்ற பெயர் வந்தது. குதிரைகள் அங்கிருந்து போய் 90 ஆண்டுகளுக்கு மேலாகியும் பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. ஆனால், இன்று அந்தச் சாலையின் பெயரைச் சொன்னால் பெரும்பாலோர் நினைவுக்கு வருவது குதிரையன்று, மீன் தலைக் கறி.

லிட்டில் இந்தியாவில் வழிகாட்டியுடன் நடக்கும் சாப்பாட்டு நடைகள் பிடித்துக்கொள்வது இந்த இடத்தைத்தான். கட்டடம் இடிந்துபோகும், திடல் வீடமைப்புப் பேட்டையாக மாறும். தெருவின் பெயரிலும் தட்டிலும் மிஞ்சியிருப்பதை வைத்து அங்கு யார் வாழ்ந்தார்கள், யாருக்குப் பக்கத்தில் வாழ்ந்தார்கள் என்று சொல்லிவிட முடியும்.

இந்த நடைகளில் சேர்பவர்களில் பலர் சுற்றுப்பயணிகள். வாராவாரம் தேக்காவில் மீனும் முருங்கைக்காயும் வாங்கும் சிங்கப்பூர்த் தமிழர்கள் தங்களுக்கு அதில் என்ன இருக்கிறது என்று ஒதுங்கிவிடுவது வழக்கம். அவர்கள்தான் முதலில் சேர வேண்டியவர்கள். பட்டியலோடு வந்து பையோடு திரும்புகிறவர்கள் பக்கத்துச் சாலையின் பெயர்ப் பலகையைக்கூட நிமிர்ந்து பார்ப்பதில்லை.

அந்தப் பலகைகளில் இருப்பது மாட்டின் கதை. பஃப்ளோ சாலை, எருமையின் பெயர். கர்பாவ் சாலை, அதே எருமை மலாய் மொழியில். சற்றுத் தள்ளி லெம்பு சாலை. லெம்பு என்றால் மாடு. ரோச்சோர் ஆற்றின் நீரும் சுற்றியிருந்த புல்வெளியும் 19ஆம் நூற்றாண்டில் மாட்டு வணிகத்தை இங்கு இழுத்தன. கல்கத்தாவிலிருந்து வந்த யூத வணிகர் பெலிலியோஸ் மாட்டு வியாபாரத்தில் செழித்தார். அவர் பெயரிலும் ஒரு சாலை இருக்கிறது. தொழுவங்களில் வேலை பார்க்கவும் பால் கறக்கவும் தமிழர்களும் வடஇந்தியர்களும் வந்து சேர்ந்தார்கள். சிங்கப்பூரில் பிறந்த எத்தனையோ பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழில் இருக்கும் கேகே மருத்துவமனையின் ‘கேகே’யும் கண்டாங் கர்பாவ், அதாவது எருமைத் தொழுவம்.

தேக்கா என்ற பெயரோ ஹொக்கியன் சீனம். சிறு மூங்கிலின் அடி என்று பொருள்படும் ‘தெக் கியா கா’ சுருங்கித் தேக்காவாயிற்று. 1915ல் கட்டப்பட்ட பழைய சந்தை 1982ல் இடிக்கப்பட்டு, எதிர்ப்புறம் எழுந்த புதிய கட்டடத்துக்கு அதே பெயரின் மாண்டரின் வடிவமான ‘ஜூஜியாவ்’ சூட்டப்பட்டது. மக்கள் வாயில் அது நுழையவில்லை. 2000ல் தேக்கா நிலையம் என்றே மாற்றினார்கள். தமிழர்களின் அடையாளமாக நாம் பெருமையோடு சொல்லும் இடத்தின் பெயர் சீனம், அதன் மருத்துவமனையின் பெயர் மலாய் என்பதைச் சாப்பிட உட்காருமுன் தெரிந்துகொண்டால் தட்டில் வருவது வேறு மாதிரி தெரியும்.

<b>இந்தியாவில் கிடைக்காத ‘இந்திய’ உணவு</b>

தேக்கா உணவங்காடி நிலையத்தில் ‘இந்திய மீ கோரெங்’ என்று பலகையில் எழுதியிருக்கும். தமிழ்நாட்டில் எந்த ஊரிலும் அதைத் தேடிக் கண்டுபிடிக்க முடியாது. மஞ்சள் மீ சீனருடையது. தாளிப்பில் சேரும் மிளகாய் விழுது மலாய்ச் சமையலின் பழக்கம். தக்காளி சாஸ் வெள்ளைக்காரன் போத்தலில் வந்தது. உருளைக்கிழங்கும் தவ்வும் முட்டையும் போட்டு வாணலியில் புரட்டியவர்கள் தமிழ் முஸ்லிம் சமையல்காரர்கள். பெயரும் மலாய்; கோரெங் என்றால் வறுத்தது. ஒரு தட்டில் நான்கு வீட்டுச் சமையலறைகள்.

இந்திய ரோஜாக் இன்னும் வேடிக்கை. ரோஜாக் என்றால் மலாயில் கலவை. மாவில் தோய்த்துப் பொரித்த இறால், உருளைக்கிழங்கு, தவ்வு, முட்டை என்று கண்ணாடிப் பெட்டிக்குள் அடுக்கியிருப்பதிலிருந்து வேண்டியதை எடுத்துக் கொடுத்தால் வெட்டிச் சூடாக்கித் தருவார்கள். தொட்டுக்கொள்ள சர்க்கரைவள்ளிக்கிழங்கின் இனிப்பும் மிளகாயின் காரமும் சேர்ந்த சிவப்புக் குழம்பு. பினாங்கில் இதன் உடன்பிறப்புக்குப் பசெம்போர் என்று பெயர். பஜ்ஜி, வடை போட்ட கை இங்கு வந்து அக்கம்பக்கத்தாரின் நாக்குக்கு ஏற்ப மாறியிருக்கிறது.

மீன் தலைக் கறியும் அப்படித்தான். கேரளத்திலிருந்து வந்த எம்.ஜே. கோமஸ் என்ற சமையல்காரர் 1949 வாக்கில் சோஃபியா சாலைக் கடையில் அதை முதலில் செய்தார் என்பது பரவலாகச் சொல்லப்படும் வரலாறு. மீன் தலையைச் சீனர்கள் விரும்பி உண்பதைக் கவனித்து, தலையை அப்படியே புளிக் குழம்பில் போட்டார். வெண்டைக்காயும் கத்தரிக்காயும் நம் பக்கம். தலையை உடைத்துக் கண்ணை முதலில் எடுப்பது அவர்கள் பக்கம். பின்னர் 1969ல் தொடங்கிய முத்தூஸ் கறியும் 1974ல் தொடங்கிய பனானா லீஃப் அப்போலோவும் ரேஸ் கோர்ஸ் சாலையை இந்தக் கறிக்குப் பேர்பெற்ற சாலையாக்கின.

பழகிய பண்டங்களும் தப்பவில்லை. இடியாப்பம் இங்கே ‘புட்டு மாயம்’ என்ற பெயரில் தேங்காய்ப்பூவும் பழுப்புச் சர்க்கரையும் தூவப்பட்டு மலாய்க்காரர், சீனர் எல்லாருக்கும் காலை உணவானது. பசும்பால் டீ, கெட்டிப்பால் டப்பாவைத் திறந்ததும் தே தாரிக் ஆனது. தாரிக் என்றால் இழுப்பது. நம்மூர் டீக்கடை மாஸ்டர் ஆற்றுவதுதான், பெயர் மட்டும் மாறியது.

சைவக் கடைகள் இந்தக் கலப்பில் அதிகம் சேரவில்லை என்பதும் ஒரு செய்தியே. 1924ல் தொடங்கிய ஆனந்த பவனும் 1947ல் சிராங்கூன் சாலையில் தொடங்கிய கோமள விலாசும் ஊரின் ருசியை மாற்றாமல் வைத்திருப்பதைத் தங்கள் வேலையாக எடுத்துக்கொண்டன. குடும்பத்தை ஊரில் விட்டுவிட்டுத் தனியாக வந்த ஆண்கள் நிறைந்த காலம் அது. அவர்களுக்கு வாழையிலைச் சாப்பாடு வீட்டின் ஒரு துண்டு. கோமள விலாசில் தோசை தின்றபின் கர்பாவ் சாலைக்கு நடந்தால், 1900ல் கட்டப்பட்ட டான் டெங் நியாவின் பலவண்ண வீடு வரும். மிட்டாய்த் தொழிற்சாலை நடத்திய சீனத் தொழிலதிபர் அவர். லிட்டில் இந்தியாவுக்கு நடுவில் சீனர் வீடு எப்படி என்று பயணிகள் கேட்பார்கள். இது எப்போது முழுக்க இந்தியர் வட்டாரமாக இருந்தது என்று திருப்பிக் கேட்பவரே நல்ல வழிகாட்டி.

<b>கிராக்கோவ் சொல்லும் பாடம்</b>

சாப்பிட்டபடி நகரைப் பார்ப்பது உலகெங்கும் பரவிவிட்டது. போலந்தின் பழம்பெரும் நகரமான கிராக்கோவில் வழிகாட்டிகள் கூட்டிச் செல்லும் இடங்களில் ஒன்று காசிமியேஷ் என்னும் பழைய யூதர் வட்டாரம். அங்கே சதுக்கத்தின் நடுவில் வட்ட வடிவக் கட்டடம் ஒன்று இருக்கிறது. ஒருகாலத்தில் யூதர்கள் சமய முறைப்படி கோழி அறுத்த கூடம் அது. இப்போது அதைச் சுற்றியுள்ள சாளரங்களில் நீள ரொட்டியைப் பிளந்து காளானும் சீஸும் வைத்துச் சுட்ட ‘ஜாப்பியெகாங்கா’ விற்கிறார்கள். கோழி அறுத்தவர்கள் எங்கே போனார்கள் என்பதற்கு விடை இரண்டாம் உலகப் போரின் படுகொலை. ரொட்டியைக் கையில் கொடுத்துவிட்டு அதைச் சொல்லாமல் நகரும் வழிகாட்டி பாதி வேலைதான் செய்தவர்.

அந்த அளவு துயரம் தேக்காவுக்கு இல்லை. ஆனாலும் இங்கும் சொல்லாமல் விடப்படுபவை உண்டு. ஞாயிற்றுக்கிழமை மாலை அதில் முதலாவது. கிராஞ்சி, சுங்கை தெங்கா போன்ற தொலைவான வட்டாரங்களின் தங்கும் விடுதிகளிலிருந்து வெளிநாட்டு ஊழியர்கள் பேருந்திலும் எம்ஆர்டியிலும் வந்து இறங்குவார்கள். வாரம் முழுவதும் விடுதிக்கு வரும் பொட்டலச் சோற்றை உண்டவர்கள், அன்று பரோட்டாவோ பிரியாணியோ தேடி உட்காருகிறார்கள். லெம்பு சாலைப் பக்கம் பங்ளாதேஷ் ஊழியர்களுக்காகவே கடைகள் முளைத்துவிட்டன. இலிஷ் மீனும் கடுகெண்ணெய் மணக்கும் பர்த்தாவும் அங்கே கிடைக்கும். நூறாண்டுக்கு முன் தனியாக வந்த ஆண்களுக்காகத் திறந்த கடைகள் இன்று மரபுடைமை. இன்று தனியாக வரும் ஆண்களுக்காகத் திறந்த கடைகள் பெரும்பாலான நடைகளின் வரைபடத்தில் இல்லை.

கொடி பிடித்த கூட்டத்தோடு போய், புல்தரையில் உட்கார்ந்து சாப்பிடுபவர்களைக் காட்சிப்பொருளாகக் காட்டுவது தவறு. அந்தக் கடையிலேயே பெஞ்சில் இடம் கேட்டு உட்கார்ந்து, காசு கொடுத்துச் சாப்பிடுவது வேறு. 2013 டிசம்பர் 8ஆம் தேதி இரவு, தமிழகத்திலிருந்து வந்த ஊழியர் ஒருவர் பேருந்தில் அடிபட்டு இறந்ததைத் தொடர்ந்து கலவரம் மூண்டதும் மீன் தலைக் கறி விற்கும் இதே ரேஸ் கோர்ஸ் சாலையில்தான். அதையும் சொல்லக்கூடியவராக வழிகாட்டி இருக்க வேண்டும்.

<b>அடுப்படியில் யார் நிற்பார்?</b>

சிங்கப்பூரின் உணவங்காடிக் கலாசாரம் 2020 டிசம்பரில் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்றது. தெருவில் தள்ளுவண்டியோடு நின்றவர்களை அரசாங்கம் 1968, 1969ல் பதிவுசெய்து, 1970களிலிருந்து 1980களின் நடுப்பகுதிவரை நிலையங்களுக்குள் கொண்டுவந்தது. தண்ணீர்க் குழாயும் கூரையும் கிடைத்தன. கூவி விற்றபடி தெருத் தெருவாகப் போகும் வழக்கம் மறைந்தது. கச்சான் பூத்தே வண்டி அதற்கு நல்ல உதாரணம். தமிழகத்திலிருந்து வந்தவர்கள் பலர் செய்த தொழில் அது. திரையரங்குகளின் வாசலில் காகிதச் சுருளில் கடலையும் முறுக்கும் கொடுத்தார்கள். அப்படிப்பட்ட கடைசித் தள்ளுவண்டிகளில் ஒன்று லிட்டில் இந்தியாவுக்கு அருகே செலிகி சாலையில், பீஸ் சென்டர் வாசலில், 2020களின் தொடக்கம்வரை நின்றது.

உணவங்காடிக்காரர்களின் இடைநிலை வயது 60ஐ ஒட்டியிருக்கிறது. பொழுது விடியுமுன் மாவு கரைக்கவும் நாள் முழுக்க வாணலிச் சூட்டில் நிற்கவும் பிள்ளைகள் வருவதில்லை. அவர்களைப் படிக்க வைத்ததே அதற்காகத்தான். ஓய்வுபெறும் அங்காடிக்காரர், குடும்பத்துக்கு வெளியே ஒருவருக்குக் கடையையும் கைப்பக்குவத்தையும் ஒப்படைக்க உதவும் திட்டத்தைத் தேசிய சுற்றுப்புற வாரியம் 2022ல் தொடங்கியது. மீ கோரெங்குக்கு எழுதிவைத்த அளவு இருக்கிறதோ இல்லையோ, கை அறிந்த அளவு ஒன்று இருக்கிறது. அது கூட நின்று பார்த்தால் மட்டும் வரும்.

சாப்பாட்டு நடை இந்தச் சிக்கலைத் தீர்த்துவிடாது. பத்துப் பேர் வந்து ஒரு தட்டை ஆளுக்கொரு வாய் தின்றுவிட்டுப் படம் எடுத்துப் போனால் கடைக்காரருக்கு இடைஞ்சல்தான் மிச்சம். ஆளுக்கொரு தட்டு வாங்கி, கூட்டமில்லாத நேரத்தில் வந்து, கடைக்காரரின் பெயரைக் கேட்டுப் போகும் குழுக்களும் உண்டு. பதிவுசெய்யுமுன், எத்தனை பேர், எந்தக் கடை, எந்த நேரம் என்று கேட்டாலே ஏற்பாட்டாளர் எப்படிப்பட்டவர் என்று விளங்கிவிடும். கட்டணம் வாங்கி வழிகாட்டுபவரிடம் சிங்கப்பூர் பயணத்துறைக் கழகத்தின் உரிமம் இருக்க வேண்டும்.

காசு செலவழிக்க மனமில்லாதவர்களுக்குத் தேசிய மரபுடைமைக் கழகம் 2017ல் வெளியிட்ட லிட்டில் இந்தியா மரபுடைமைப் பாதை இருக்கிறது. அதைக் கைப்பேசியில் வைத்துக்கொண்டு வீட்டுப் பிள்ளைகளோடு தாங்களே நடக்கலாம். காலை ஒன்பது மணிவாக்கில் தொடங்குவது நல்லது. ஈரச்சந்தையில் மீன் இன்னும் இருக்கும், தமிழில் விலை சொல்லும் சீனக் காய்கறிக்காரரும் ஓய்ந்திருக்க மாட்டார். சந்தை, புட்டு மாயம், தே தாரிக், பிறகு பஃப்ளோ சாலை, கர்பாவ் சாலை, கேம்பல் லேனில் 2015ல் திறக்கப்பட்ட இந்திய மரபுடைமை நிலையம். மீன் தலையை மதியத்துக்கு வைத்துக்கொள்ளலாம். அது ஒருவர் தின்று முடிக்கும் பண்டமில்லை, நான்கு பேராவது வேண்டும்.

ஜனவரியில் போகிறவர்களுக்குக் கூடுதலாக ஒன்று பார்க்கக் கிடைக்கும். பொங்கலை ஒட்டி லிட்டில் இந்தியாவில் மாடுகளைக் கட்டிவைப்பார்கள், பிள்ளைகள் வரிசையில் நின்று புல் கொடுப்பார்கள். தொழுவங்கள் நிறைந்திருந்த இடத்துக்கு இப்போது மாடு வருவது தீவின் மறுகோடியிலிருந்து, கிராஞ்சியை அடுத்த லிம் சூ காங் பண்ணையிலிருந்து, லாரியில்.