ஆரணியில் ஒரு கால்நடை யாத்திரை

இத்தாலி தேசத்தில் லூக்கா என்று ஒரு பழைய பட்டணம் உண்டு. ஊரைச் சுற்றி நாலு கிலோமீட்டர் நீளத்துக்குக் கோட்டைச் சுவர். அந்தச் சுவரின் மேலே மர நிழலில் ஜனங்கள் உலாவுகிறார்கள். ஏழெட்டு நூற்றாண்டுகளுக்கு முன்னால் அந்த ஊர்ப் பட்டுக்கு ஐரோப்பா முழுவதும் பிரசித்தி. இன்று லூக்காவுக்கு வரும் யாத்திரிகர்களை ஒரு வழிகாட்டி கால்நடையாக அழைத்துக்கொண்டு போகிறார். "இதோ பட்டு வர்த்தகர் மாளிகை!" என்று காட்டுகிறார். சற்றுத் தள்ளி ஒரு ரொட்டிக் கடை. அங்கே உலர்ந்த திராட்சையும் சோம்பும் போட்ட 'புச்செல்லாத்தோ' ரொட்டியில் ஒரு துண்டு. பிறகு ஒரு தேவாலயம். அப்புறம் ஒரு பாலாடைக் கட்டி. இப்படிக் காலுக்கும் நாக்குக்கும் மாற்றி மாற்றி வேலை கொடுத்துவிட்டு, அதற்குக் கட்டணமும் வாங்கிக்கொள்கிறார்கள்!

இதைக் கேள்விப்பட்டதும் எனக்குப் பொறாமை உண்டாயிற்று. நம் நாட்டில் இல்லாத கோட்டையா? நம்மிடம் இல்லாத பட்டா? நம் நாக்குக்குத்தான் ருசி தெரியாதா? பெட்டி படுக்கையைக் கட்டாமலே ஆரணிக்குப் புறப்பட்டுவிட்டேன்.

ரயிலில் போக உத்தேசிக்கும் நேயர்களுக்கு ஓர் எச்சரிக்கை. விழுப்புரம் - காட்பாடி மார்க்கத்தில் 'ஆரணி ரோடு' என்று ஒரு ஸ்டேஷன் இருக்கிறது. அங்கே ரோடு இருக்கிறது, ஆரணிதான் இல்லை! ஸ்டேஷன் இருப்பது களம்பூரில். அங்கிருந்து ஆரணிக்கு வேறு வண்டி பிடிக்க வேண்டும். ஆகையால் நான் வேலூருக்குப் போய், அங்கிருந்து பஸ்ஸில் வந்து சேர்ந்தேன். நெசவாளர் குடும்பத்தில் பிறந்து, இப்போது உபாத்தியாயராக இருக்கும் நண்பர் ஒருவர் எனக்கு வழிகாட்டியாக இருக்க இசைந்தார். "ஆனால் ஒரு நிபந்தனை. பொழுது விடிவதற்குள் எழுந்துவிட வேண்டும்" என்றார்.

நூலுக்கு முதல் போஜனம்

விடியற்காலையில் அவர் என்னை அழைத்துச் சென்ற தெருவில் வண்டி வாகனம் ஒன்றும் இல்லை. தெரு நீளத்துக்குப் பட்டுப் பாவு ஒன்றை இழுத்துக் கட்டியிருந்தார்கள். இரண்டு மூன்று புடவைகளுக்கு ஆகும் பாவு அது. ஆயிரக்கணக்கான இழைகள். இரு பக்கமும் ஆண்களும் பெண்களும் நின்று, அறுந்த இழைகளைத் தேடித் தேடி முடிந்துகொண்டிருந்தார்கள். அதன் மேல் அரிசிக் கஞ்சியைப் பக்குவமாகத் தடவி, வெயில் ஏறுவதற்குள் உலர்த்த வேண்டும். வெயில் கடுமையானால் இழை முறுகிவிடும்; மழை பெய்தால் அன்றைய பாடு வீண்.

"பார்த்தீர்களா, இந்த ஊரில் காலைப் போஜனம் முதலில் நூலுக்கு, அப்புறந்தான் மனுஷனுக்கு!" என்றார் நண்பர்.

அவர் வேடிக்கையாகத்தான் சொன்னார். ஆனால் ஆரணியின் இரண்டு பெருமைகளும் அந்தக் கஞ்சிக் கலயத்தில் ஒன்று சேர்ந்திருப்பதை நான் கவனித்தேன். பட்டுக்கு எவ்வளவு பெயரோ, அரிசிக்கும் அவ்வளவு பெயர் உள்ள ஊர் ஆரணி. ஊரிலும் சுற்றுப்புறங்களிலும் நெல் ஆலைகள் பல. புழுங்கல் அவியும் மணம் காற்றில் வந்துகொண்டே இருக்கிறது. அந்த மணம் என் பசியைக் கிளப்பிவிட்டது. பக்கத்துத் தெருவில் ஒரு சிறிய ஹோட்டலில் இட்டிலியும் வேர்க்கடலைச் சட்டினியும் சாப்பிட்டோம். இந்த ஜில்லா வேர்க்கடலை விளையும் பூமி. சட்டினியில் கடலையைத் தேட வேண்டிய அவசியம் இல்லை, சட்டினியே கடலைதான்!

கோட்டையும் சரித்திரமும்

பிறகு கோட்டைக்குப் போனோம். அங்கே இப்போது சர்க்கார் காரியாலயங்கள் நடக்கின்றன. கைலாசநாதர் கோயிலும் அங்கேதான் இருக்கிறது. வழக்குக்கு வருகிறவர்கள் ஸ்வாமியையும் தரிசித்துவிட்டுப் போக வசதி!

இந்த அமைதியான இடத்துக்காக எத்தனை சண்டை! 1751-ஆம் வருஷம் ஆற்காட்டு முற்றுகை நீங்கிய பிறகு, ராபர்ட் கிளைவ் சந்தா சாகிப்பின் மகன் ரஜா சாகிப்பையும் அவனுக்குத் துணை வந்த பிரெஞ்சுக்காரர்களையும் துரத்திவந்து, டிசம்பர் 3-ந் தேதி ஆரணியில் முறியடித்தான். 1782-ஆம் வருஷம் ஜூன் 2-ந் தேதி ஹைதர் அலியின் சைன்யமும் ஸர் அயர் கூட்டின் சைன்யமும் இங்கே மோதிக்கொண்டன. அதற்கெல்லாம் முன்பே, 17-ஆம் நூற்றாண்டில், சத்ரபதி சிவாஜியின் தந்தையான ஷாஜி இந்தப் பிரதேசத்தை ஒரு மகாராஷ்டிர பிராமணக் குடும்பத்துக்கு ஜாகீராக அளித்திருந்தார். ஆரணி ஜாகீர்தார்கள் கட்டிய மாளிகை ஒன்று பூசிமலைக்குப்பத்தில் பாழடைந்து நிற்கிறது.

நவாபு போனான்; கம்பெனி போயிற்று; ஜாகீரும் போயிற்று. அவர்கள் காலத்திலெல்லாம் ஓடிக்கொண்டிருந்த தறி மட்டும் இன்னும் ஓடுகிறது.

அந்தத் தறிக்கும் சோதனை வராமல் இல்லை. ஒரு காலத்தில் ஆரணிக்குப் பெருமை தந்தது பட்டு மட்டுமல்ல. மெல்லிய பருத்தி மஸ்லினுந்தான். வெள்ளைக்காரர்களே அதன் மென்மையை வியந்து எழுதி வைத்திருக்கிறார்கள். லங்காஷயர் ஆலைத் துணி கப்பல் கப்பலாக வந்து இறங்கியபோது, நம் நாட்டின் பருத்தி நெசவு பல இடங்களில் நசித்ததுபோல் அந்த மஸ்லினும் மறைந்தது. 1905-ஆம் வருஷம் ஆகஸ்டு 7-ந் தேதி கல்கத்தா டவுன் ஹாலில் சுதேசி விரதம் எடுத்தார்களே, அது இத்தகைய நஷ்டங்களைக் கண்டு கொதித்த உள்ளங்கள் எடுத்த விரதம். 2015 முதல் அந்தத் தேதியைத்தான் தேசியக் கைத்தறி தினமாகக் கொண்டாடுகிறோம்.

ஒரு தறியும் ஒரு வெறும் தறியும்

வெயில் ஏறிய பிறகு நண்பர் தம்முடைய பெரியப்பா வீட்டுக்கு அழைத்துச் சென்றார். கூடத்தில் இரண்டு குழித்தறிகள். ஒன்றில் பெரியவர் குழிக்குள் காலைத் தொங்கவிட்டு மிதியை மிதித்துக்கொண்டிருந்தார். தலைக்கு மேலே ஜக்கார்டு பெட்டி. 1804-ஆம் வருஷம் பிரான்ஸ் தேசத்து லியோன் நகரில் ஜக்கார்டு என்பவர் கண்டுபிடித்த சாதனம். அதில் துளையிட்ட அட்டைகள் ஒவ்வொன்றாகப் புரள, கீழே மயில் ஒன்று இழை இழையாகத் தோகையை விரித்துக்கொண்டிருந்தது. பட்டு கர்நாடகத்திலிருந்து வந்தது. ஜரிகை சூரத்திலிருந்து வந்தது. உழைப்பு மட்டும் உள்ளூர்ச் சரக்கு. பெரியம்மாள் ஓரமாக உட்கார்ந்து தார் சுற்றிக்கொண்டிருந்தார்.

"ஒரு புடவைக்கு எத்தனை நாள் ஆகும், ஐயா?" என்று கேட்டேன்.

"வேலைப்பாட்டைப் பொறுத்தது, தம்பி. பூ கொஞ்சமாக இருந்தால் ஒரு வாரம். உடல் முழுவதும் பூ என்றால் பதினைந்து நாளும் ஆகும், இருபது நாளும் ஆகும். அதுவும் ஓர் ஆள் கணக்கு இல்லை. இவள் தார் சுற்றாவிட்டால் நான் நாடாவைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா உட்கார வேண்டியதுதான்."

இரண்டாவது தறியின் மேல் பழைய துணி மூட்டைகளும் ஒரு குழந்தைச் சைக்கிளும் கிடந்தன. நான் அதைப் பார்ப்பதைப் பெரியவர் கவனித்தார்.

"அது பையனுடைய தறி. ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் தொழிற்சாலைக்குப் போய்விட்டான்."

"இங்கே கூலி போதவில்லையோ?"

அவர் பதில் சொல்வதற்குள் பெரியம்மாள் தார் சுற்றுவதை நிறுத்திவிட்டுச் சொன்னார்: "கூலி ஒரு பக்கம் இருக்கட்டும், தம்பி. தறிக்குழியில் இறங்குகிறவனுக்கு யார் பெண் கொடுக்கிறார்கள்? மாதச் சம்பளம் உண்டா என்றுதான் கேட்கிறார்கள். ஊரில் உள்ள கலியாணப் பெண்களுக்கெல்லாம் புடவை நெய்கிறோம். எங்கள் வீட்டுக்கு ஒரு பெண் வரவேண்டுமானால் தறியை விட்டு எழுந்திருக்க வேண்டியிருக்கிறது!"

இதற்கு என்ன சமாதானம் சொல்வது? நான் தலையைக் குனிந்துகொண்டேன். என் வீட்டிலும் கலியாணங்கள் நடந்திருக்கின்றன. பட்டுப் புடவைக் கடையில் மணிக் கணக்காக உட்கார்ந்து, ஐந்நூறு ரூபாய் குறைப்பதற்காகப் பேரம் பேசிய பெருமை எனக்கும் உண்டு.

நடுப்பகல் உணவை அங்கேயே சாப்பிடும்படி வற்புறுத்தினார்கள். கேழ்வரகுக் களி, கீரைக் குழம்பு, பிறகு மோர். லூக்காவின் வழிகாட்டி எத்தனை பலகாரம் காட்டினாலும், இதற்கு ஈடாகாது என்று சத்தியம் செய்யத் தயாராக இருக்கிறேன்.

கடைத் தெருவில்

மாலையில் கமண்டல நாகநதிக் கரைக்கு நடந்தோம். அங்கே புதுக்காமூரில் புத்திரகாமேட்டீசுவரர் கோயில். தசரத சக்கரவர்த்தி புத்திர பாக்கியம் வேண்டி யாகம் செய்த ஸ்தலம் என்பது ஐதிகம். தரிசனம் முடிந்து கடைத் தெருவுக்குத் திரும்பியபோது, முப்பது கிலோமீட்டர் சுமாரில் உள்ள ஆற்காட்டின் மக்கன் பேடாவைப் பற்றி நண்பர் வர்ணித்தார். கோவாவும் மைதாவும் பிசைந்து, உள்ளே பருப்பு வகைகளை வைத்துப் பொரித்து, பாகில் ஊறவைத்த பண்டம். அன்றே ஒன்று வாங்கித் தின்று பார்த்தேன். நவாபுகள் சண்டையில் தோற்றதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். இதைத் தின்றபின் யாருக்குக் குதிரை ஏற மனம் வரும்?

கடைசியாகப் புடவைக் கடை. காஞ்சிப் பட்டைவிட ஆரணிப் பட்டு பொதுவாக எடை குறைந்தது. நாள் முழுவதும் கட்டிக்கொண்டிருந்தாலும் சுமையாகத் தோன்றாது. புவிசார் குறியீடும் பெற்றிருக்கிறது. ஆனால் விசைத்தறியில் ஓட்டிய புடவையும் கலப்பு நூல் புடவையும் பட்டின் பெயரைச் சொல்லிக்கொண்டு சந்தைக்கு வருகின்றன. பட்டுப் புடவை நெசவைக் கைத்தறிக்கென்றே ஒதுக்கி 1985-ல் சட்டம் செய்திருக்கிறார்கள். சட்டம் புத்தகத்தில் இருக்கிறது. காவல் செய்ய வேண்டியவர்கள் வாங்குகிறவர்கள். பட்டுக்கு 'சில்க் மார்க்' முத்திரை, கைத்தறிக்குக் கைத்தறி முத்திரை இரண்டையும் கேட்டு வாங்க வேண்டும். சந்தேகம் வந்தால் ஓர் இழையைக் கொளுத்திப் பாருங்கள். பட்டானால் தலைமயிர் கருகும் நாற்றம் வரும்; சாம்பல் விரலில் பொடியாகும். செயற்கை நூலானால் உருகிக் கட்டியாகும்.

லூக்காவில் தறிகளின் மகிமை சரித்திரமான பிறகு வழிகாட்டிகள் வந்தார்கள். ஆரணியிலோ தறி இன்னும் ஓடுகிறது. அது ஓடும்போதே நாம் போய்ப் பார்க்க வேண்டாமா? கூட்டுறவுச் சங்கங்களும் ஊர்ப் பெரியவர்களும் மனம் வைத்தால், விடியற்காலைப் பாவில் தொடங்கி மாலைப் பேடாவில் முடியும் நடை ஒன்றை ஏற்பாடு செய்யலாம். கட்டணத்தில் ஒரு பங்கு தறி வீட்டுக்குப் போகலாம். சொந்தத் தொழிலைப் பார்க்க ஊரார் தேடி வருவதைக் காணும் பையன்களில் ஒருவனாவது, மூட்டைகளை இறக்கிவிட்டுத் தறியில் உட்கார்ந்து பார்ப்பான்.

அன்று ஒரு புடவை வாங்கிக்கொண்டு ஊர் திரும்பினேன். மனைவி முந்தானையை விரித்துப் பார்த்துச் சந்தோஷப்பட்டாள். பிறகு விலைச் சீட்டைப் பார்த்தாள்.

"குறைக்கச் சொல்லிக் கேட்கவே இல்லையா?"

"இல்லை."

"ஏன்?"

"அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஆரணிக்குப் போவோம். நடந்து பார்த்துவிட்டு, அப்புறம் நீயே கேள்" என்றேன்.